‘கீது’ என்ற சொல்லைத் திருத்தாதீர்கள்

“அந்தப் பொட்டி இன்னும் என்னாண்ட கீது.”

வட ஆற்காட்டில் வளர்ந்தவர் காதில் இந்த ஐந்து சொல் விழுந்தால் போதும், எந்த ஊரில் இருந்தாலும் தலை திரும்பும். இதையே “அந்தப் பெட்டி இன்னும் என்னிடம் இருக்கிறது” என்று திருத்தித் திரையில் ஓடவிட்டால் பொருள் அப்படியே நிற்கிறது, ஊர் மட்டும் காணாமல் போகிறது. நான் யார், எந்த மண்ணைச் சேர்ந்தவள், எதை நினைவில் வைத்திருக்கிறேன் என்ற கேள்விகளை எடுத்துக்கொண்டு ஒலி, படம், துணி, வெளிச்சம் எல்லாம் கலந்து வேலை செய்யும் பல்லூடகக் கலைஞர்கள் வேலூர்ப் பக்கம் வந்தால், அவர்களிடம் வற்புறுத்திச் சொல்ல வேண்டியது இது: குரலில் தொடங்குங்கள். மற்றதெல்லாம் அந்தக் குரலைக் கேட்க வைப்பதற்கான ஏற்பாடு.

பெரும்பாலோர் கோட்டையில் தொடங்குகிறார்கள். அகழியும் மதிலும் ஜலகண்டேஸ்வரர் கோயில் கல்யாண மண்டபத் தூண்களும் அழகானவை, மறுக்கவில்லை. ஆனால் அந்தப் படங்கள் ஏற்கெனவே எல்லோரிடமும் இருக்கின்றன. கோட்டை இந்தியத் தொல்லியல் துறையின் பாதுகாப்பில் இருப்பதால் உள்ளே படப்பிடிப்பு நடத்தவோ சுவரில் ஒளி பாய்ச்சவோ முன்கூட்டியே அனுமதி வாங்க வேண்டும். அந்த அலைச்சலில் பாதி நாள் போய்விடும். கோட்டையைத் தொட்டே ஆக வேண்டுமென்றால் 1806 ஜூலை 10-ஐத் தொடுங்கள். அன்று கோட்டைக்குள் கம்பெனிச் சிப்பாய்கள் வெள்ளையரை எதிர்த்து எழுந்ததற்கு உடனடிக் காரணமாக இருந்தவை நெற்றிக் குறி, தாடி, கடுக்கன், தோல் சின்னம் வைத்த புதுத் தலைப்பாகை. உடம்பில் இடுவதையும் அணிவதையும் மாற்றச் சொன்ன உத்தரவு அது. இன்று இந்த ஊரில் யார் தலையில் என்ன இருக்கிறது, யார் அதை எடுக்கச் சொல்கிறார்கள் என்று நாலு பேரிடம் கேட்டுப் பதிவு செய்தால், அது மதிலைப் படம் பிடிப்பதைவிட அந்த நாளுக்கு நெருக்கமாக இருக்கும்.

“உங்க ஊர் எது?” என்ற கேள்வியே இங்கே சிக்கலானது. 1911 வரை வட ஆற்காடு மாவட்டத்தின் தலைநகர் சித்தூர். அது தனி மாவட்டமாகப் பிரிந்த பிறகுதான் வேலூர் தலைநகர் ஆனது. 1989-ல் திருவண்ணாமலை பிரிந்தது, மீதிக்கு அம்பேத்கர் பெயர் வந்தது, தொண்ணூறுகளில் அது வேலூர் மாவட்டம் ஆனது, 2019-ல் ராணிப்பேட்டையும் திருப்பத்தூரும் தனித்தனியாகப் போயின. ஆற்காடு என்ற ஊர் இப்போது ராணிப்பேட்டை மாவட்டத்தில். தெருக்கூத்துக்குப் பேர்போன புரிசையும் பட்டுக்குப் பேர்போன ஆரணியும் திருவண்ணாமலை மாவட்டத்தில். ஒரே வீட்டில் இருந்துகொண்டு நாலு மாவட்டப் பெயர்களைப் பார்த்தவர்கள் இருக்கிறார்கள். பழைய ரேஷன் கார்டு, கல்யாணப் பத்திரிகை, இன்லேண்டு லெட்டரின் பின்பக்கம், பள்ளி மாற்றுச் சான்றிதழ் ஆகியவற்றில் முகவரி எழுதிய வரியை மட்டும் ஸ்கேன் செய்து வரிசையாக வைத்தாலே ஒரு நல்ல படைப்புக்கான பொருள் கிடைத்துவிடும்.

மொழியும் அப்படித்தான். ஆம்பூர், வாணியம்பாடி, பேர்ணாம்பட்டு, மேல்விஷாரம் தெருக்களில் தக்கினி உருது. “நக்கோ” என்றால் வேண்டாம், “ஹௌ” என்றால் ஆமாம். குடியாத்தம், காட்பாடி எல்லைப்புறத்தில் தெலுங்கு பேசும் வீடுகள் ஏராளம். அப்பாவை “நைனா” என்று கூப்பிடும் தமிழ் வீடுகளும் உண்டு. ஜவ்வாது மலைமேல் போனால் மலையாளி எனப்படும் மலைவாழ் பழங்குடியினரின் தமிழ் வேறொரு நடை. இந்தக் கலவையைத் ‘தமிழ் அடையாளம்’ என்ற ஒரே பெட்டிக்குள் அடக்கினால் ஊரில் பாதிப் பேர் வெளியே நிற்பார்கள்.

பதிவு

கருவி பெரிதாக வேண்டியதில்லை. கையடக்க ரெக்கார்டர் ஒன்று, காற்றுத் தடுப்பாக ரோமம் வைத்த உறை ஒன்று, மேசையில் வைக்கும் குட்டி ஸ்டாண்டு ஒன்று, ஹெட்ஃபோன். வேவ் கோப்பு, 48 கிலோஹெர்ட்ஸ், 24 பிட். இந்த அளவில் ஸ்டீரியோவாகப் பதிந்தால் மணிக்கு 1 ஜிபிக்குச் சற்று மேல் இடம் பிடிக்கும். ஒருவர் மட்டும் பேசுகிறார் என்றால் மோனோ போதும், இடம் பாதியாகிவிடும். சத்தத்தின் உச்சம் மைனஸ் 12 டெசிபல் அருகில் நிற்கும்படி வையுங்கள். 32 பிட் ஃப்ளோட் வசதியுள்ள ரெக்கார்டர் கிடைத்தால் இந்தக் கவலை பெரும்பாலும் இல்லை. கிசுகிசுப்பையும் கத்தலையும் ஒரே பதிவிலிருந்து பின்னால் எடுத்துச் சரி செய்துகொள்ளலாம்.

மைக்கைச் சேலையில் குத்தாதீர்கள். முந்தானை ஒவ்வொரு முறை நகரும்போதும் சரசரப்பு ஏறும், பிறகு எந்த மென்பொருளாலும் அதைச் சுத்தமாக எடுக்க முடியாது. வாயிலிருந்து ஒரு சாண் தூரத்தில், நேர் எதிரில் இல்லாமல் சற்றுப் பக்கவாட்டில் வைத்தால் ‘ப’, ‘ப்ப’ வெடிப்புகள் குறையும். மின்விசிறியை நிறுத்த வேண்டும். வேலூர் வெயிலில் வயதானவரை விசிறி இல்லாமல் உட்கார வைப்பது கொடுமை என்பதால் காலை 6 முதல் 8 மணிக்குள் பதிவை முடித்துவிடுங்கள். ஃப்ரிட்ஜை அணைத்தால் உங்கள் வண்டிச் சாவியை அதன் மேலேயே வைத்துவிட வேண்டும், அப்போதுதான் கிளம்பும்போது திரும்பப் போட ஞாபகம் வரும். ரெக்கார்டரை சார்ஜரில் செருகியபடியே பதிந்தால் 50 ஹெர்ட்ஸ் ரீங்காரம் உள்ளே வரலாம். பேட்டரியில் ஓட்டுங்கள். ஒவ்வொரு அறையிலும் யாரும் பேசாமல் ஒரு நிமிடம் தனியாகப் பதிந்துகொள்ளுங்கள். பின்னால் ஒட்டும் வேலையில் இடைவெளிகளை நிரப்ப அந்த அறையின் சொந்த அமைதிதான் உதவும்.

கேள்வி கேட்பதில்தான் அதிகம் சறுக்குகிறது. “உங்க அடையாளத்தப் பத்திச் சொல்லுங்க” என்றால் எதிரில் இருப்பவர் பேட்டி கொடுக்கும் குரலுக்கு மாறிவிடுவார். “ஆயா, அந்த வூட்ல இருக்கசொல்ல தண்ணி எங்கேர்ந்து எடுத்தாந்தீங்க?” என்று கேளுங்கள். பாலாற்று மணலில் ஊத்து தோண்டி, கொட்டாங்குச்சியால் மொண்டு குடத்தில் ஊற்றிய கதை வரும். ஊத்து எவ்வளவு ஆழம், எந்த மாதத்தில் வற்றும், யார் ஊத்தில் யார் மொள்ளக்கூடாது என்று அடுத்தடுத்துப் போனால் சாதியும் நிலமும் குடும்பமும் தாமாகவே உள்ளே வந்துவிடும். நீரில்லாத ஆறு, மரமில்லாத மலை, அரசனில்லாத கோட்டை, சாமியில்லாத கோயில் என்று வேலூரைச் சொல்லும் பழைய பேச்சு உண்டு. கோயிலுக்குச் சாமி 1981-ல் திரும்பி வந்துவிட்டது. அந்த வருடம் என்ன நடந்தது என்று கேட்டால் பேச ஆள் கிடைப்பார்கள். வருடத்தைக் கேட்காதீர்கள், “எம்.ஜி.ஆர் செத்ததுக்கு முன்னாடியா பின்னாடியா” என்று கேளுங்கள். 1987 டிசம்பரை வைத்துக் கணக்குப் போட்டுவிடலாம்.

வேலைச் சத்தங்களையும் சேகரியுங்கள். குடியாத்தத்துக் கைத்தறி லுங்கித் தறியில் நாடா ஓடும் ஓசை, பீடி இலை வெட்டும் கத்தரி, தோல் தொழிற்சாலையின் மர டிரம் மெதுவாகச் சுழல்வது, இவையெல்லாம் இந்த மாவட்டத்துப் பலரின் பிள்ளைப் பருவத்தின் பின்னணி. தறிக்கு மிக அருகில் வைத்தால் அடி மட்டும் கேட்கும். இரண்டு மீட்டர் தள்ளி, நெசவாளரின் தோள் உயரத்தில் வைத்தால் அடியும் அறையும் சேர்ந்து வரும்.

கூத்தைப் பதிவது தனிப் பாடம். பாரதக் கூத்து இரவு முழுக்க ஓடும். முகவீணை என்ற சிறு ஊதுகுழலின் கூர்மையான ஓசை மற்ற எல்லாவற்றையும் மூடிவிடும், கோமாளியாக வரும் கட்டியங்காரன் பேச்சு ஒரு நொடி தாழ்ந்து மறு நொடி ஏறும். சாதாரண 24 பிட் பதிவென்றால் மைனஸ் 18-ல் நிறுத்தி இடம் விடுங்கள். குழாய் ஸ்பீக்கரின் வழியில் உட்காராமல் பின்பாட்டுக்காரர்கள் பக்கம், மிருதங்கத்துக்கு மூன்று மீட்டர் தள்ளி இடம் கேட்டு வாங்குங்கள். பல ரெக்கார்டர்கள் 2 அல்லது 4 ஜிபி ஆனதும் கோப்பை முறித்துப் புதிதாகத் தொடங்கும். ஸ்டீரியோவில் 2 ஜிபி என்பது சுமார் 2 மணி நேரம். முறியும் இடத்தில் ஒரு சொல் விழுந்துவிடுமா என்று வீட்டிலேயே சோதித்துப் பாருங்கள்.

பதிந்ததை எழுத்தாக்க, ஒரு மணி நேரப் பேச்சுக்குக் குறைந்தது 5 மணி நேரம் ஒதுக்குங்கள். “வந்துக்கினு”, “இட்டுக்கினு”, “இன்னா” எதையும் மாற்றக்கூடாது. எழுத்தாக்கும் மென்பொருள் முதல் வரைவுக்கு உதவலாம், ஆனால் அதன் போக்கு எப்போதும் எழுத்துத் தமிழை நோக்கியே இருக்கும். கடைசிக் கண் அந்த ஊர்க்காரருடையதாக இருக்கட்டும்.

படங்கள்

வீடுகளில் கிடைக்கும் ஸ்டுடியோ படங்கள் பெரும்பாலும் மூன்று நிலையில் இருக்கும். சுவரில் கண்ணாடிச் சட்டத்துக்குள் மாட்டியவை, டிரங்குப் பெட்டியில் துணிக்கு அடியில் கிடப்பவை, எண்பதுகளுக்குப் பின் வந்த பசை ஆல்பத்தில் பிளாஸ்டிக் தாளுக்குக் கீழே ஒட்டியவை.

சட்டத்தில் உள்ளவைதான் ஆபத்தானவை. மழைக்கால ஈரத்தில் படத்தின் மேலுள்ள ஜெலட்டின் படலம் இளகிக் கண்ணாடியோடு ஒட்டிக்கொள்ளும். பிரித்தால் முகம் கண்ணாடியிலும் காகிதம் கையிலும் தங்கும். பிரிக்கவே வேண்டாம். கண்ணாடியை வெளிப்பக்கம் மட்டும் உலர்ந்த துணியால் துடைத்து, அப்படியே கேமராவில் எடுங்கள். இரண்டு எல்இடி விளக்குகள், இருபுறமும் 45 பாகையில். விளக்குகளின் முன்னால் போலரைசிங் தாள், லென்ஸில் போலரைசர். லென்ஸில் உள்ளதைத் திருப்பிக்கொண்டே போனால் ஓரிடத்தில் பிரதிபலிப்பு அணைந்துவிடும். பழைய கறுப்பு வெள்ளைப் படங்களின் கருமையான பகுதிகளில் நீலம் கலந்த வெள்ளிப் பளபளப்பு தெரியும், அது படத்திலுள்ள வெள்ளி மேலே வந்து படிந்தது. அதுவும் இந்த முறையில் பெருமளவு அடங்கும். அழிப்பானால் தேய்க்கும் பழக்கம் உள்ளவர்கள் தயவுசெய்து நிறுத்துங்கள்.

சட்டமில்லாத சிறு பிரதிகளை ஸ்கேனரில் 600 டிபிஐ வைத்து எடுக்கலாம். 3-க்கு 4 அங்குலப் படம் 1800-க்கு 2400 புள்ளிகளாக வரும், முழு உயர உருவமாக ஒளிவீச அது போதும். 35 மில்லிமீட்டர் நெகட்டிவ் கிடைத்தால் 3200 டிபிஐ. டிஃப் கோப்பாகச் சேமியுங்கள், ஜேபெக் நகல் பிறகு எடுத்துக்கொள்ளலாம். படத்தின் பின்பக்கத்தையும் கட்டாயம் ஸ்கேன் செய்யுங்கள். ஸ்டுடியோ முத்திரை, பென்சிலில் எழுதிய பெயர், சில சமயம் கடன் கணக்குகூட அங்கே இருக்கும்.

பசை ஆல்பத்திலிருந்து எடுக்க, பல்லிடுக்கில் விடும் மெல்லிய நூலைப் படத்துக்கும் அட்டைக்கும் நடுவே மெதுவாக ரம்பம்போல இழுத்துக்கொண்டு போங்கள். ஹேர் டிரையர் வேண்டாம், சூட்டில் பசை இளகிப் படத்துக்குள் ஊறும். வரவில்லை என்றால் பக்கத்தோடு ஸ்கேன் செய்துவிடுங்கள். ராமபாணப் பூச்சி அரித்த ஓட்டைகளைக் கணினியில் நிரப்ப வேண்டுமா என்று கேட்பார்கள். நான் நிரப்பக்கூடாது என்ற பக்கம். முகத்தில் பாதி போன படத்தை அந்த வீட்டார் அப்படித்தான் முப்பது வருடம் பார்த்திருக்கிறார்கள், அவர்கள் நினைவில் இருப்பதும் அந்த ஓட்டையோடு சேர்ந்த முகம்தான்.

காசெட்டுகள் இருந்தால் பூஞ்சை பிடித்ததா என்று முதலில் அதன் ஜன்னல் வழியே பாருங்கள். வெள்ளைத் தூள் தெரிந்தால் ஓட்டக்கூடாது, டெக்கில் டேப்பைப் படிக்கும் ஹெட்டில் படிந்து அடுத்தடுத்த காசெட்டையும் கெடுக்கும். நல்ல காசெட்டை முழுக்க ஒருமுறை முன்னும் பின்னும் ஓட்டி டேப்பின் இழுவையைச் சமன் செய்த பிறகு பதியுங்கள். குரல் மந்தமாகக் கேட்டால் இரண்டு காரணங்கள்: டேப்பை ஹெட்டோடு அழுத்தும் சின்னக் கம்பளித் துண்டு விழுந்திருக்கலாம், அல்லது ஹெட்டின் கோணம் மாறியிருக்கலாம். ஹெட்டின் பக்கத்துத் திருகைக் கால் சுற்றுக்கும் குறைவாகத் திருப்பி, ‘ஸ’, ‘ச’ ஒலிகள் மிகத் தெளிவாகக் கேட்கும் இடத்தில் நிறுத்துங்கள். கல்யாண வீடியோக் காசெட்டுகளை நகலெடுக்கும்போது வரிகளைக் கலைக்கும் டிஇண்டர்லேஸ் வேலையை மூலக் கோப்பில் செய்யாதீர்கள், திரையிடும் நகலில் மட்டும் செய்யுங்கள்.

துணியும் தோலும்

படத்தை எதில் விழச் செய்வது என்பதில் இந்த மாவட்டமே பொருளைத் தருகிறது. குடியாத்தம் லுங்கி சுமார் 2 மீட்டர் நீளம், 1.2 மீட்டர் அகலம். அதில் ஒளிவீசினால் கட்டம் முகத்தை உடைக்கும். தெரு, ஆறு, தறி போன்ற காட்சிகளுக்கு அந்த உடைதல் நன்றாக இருக்கும், முகங்களுக்கு ஆகாது. முகத்துக்கு வெளுக்காத காடா துணி. வாங்கியதும் ஒருமுறை வெந்நீரில் அலசிக் கஞ்சியை எடுத்துவிடுங்கள், இல்லையென்றால் மடிப்புக் கோடு கடைசிவரை போகாது. மேலே ஒரு கம்பி, கீழே மணல் நிரப்பி இரு பக்கமும் மூடிய பிவிசி குழாய். காற்றில் லேசாக அசையும், சுருட்டிக்கொள்ளாது.

துணிக்குப் பின்னாலிருந்து ஒளிவீசும்போது நெசவு இடைவெளி வழியே புரொஜெக்டரின் விளக்கு நேராகக் கண்ணைக் குத்தும். புரொஜெக்டரைத் தரையில் வைத்து மேல்நோக்கிச் சாய்த்தால் அந்தப் புள்ளி பார்ப்பவர் கண் மட்டத்திலிருந்து விலகிவிடும். இரண்டு துணியை 30 சென்டிமீட்டர் இடைவெளியில் தொங்கவிட்டால் படம் இரட்டையாகி, பின்னாலுள்ள முகம் சற்றுப் பெரிதாகவும் மங்கலாகவும் தெரியும். பல பேர் இதைப் பிழையாக நினைத்துத் திருத்துகிறார்கள். நினைவைப் பற்றிய படைப்பில் நான் அதை விட்டுவைப்பேன்.

தோல் வேண்டும் என்று கேட்பவர்கள் ராணிப்பேட்டை, ஆம்பூரில் கிடைக்கும் ‘வெட் ப்ளூ’ தோலை வாங்கிவந்து ஏமாறுகிறார்கள். குரோமியத்தில் பதனிட்ட அந்த நீலத் தோல் வெளிச்சத்தை உள்ளே விடாது. தோல்பாவைக்கூத்தில் உள்ளதுபோல் ஒளி ஊடுருவ வேண்டுமென்றால் பதனிடாமல், முடி நீக்கிச் சட்டத்தில் இழுத்துக் காயவைத்த ஆட்டுத் தோல் வேண்டும். அது ஐப்பசி, கார்த்திகை ஈரத்தில் தொய்யும், சித்திரை வெயிலில் இழுத்துக்கொண்டு சட்டத்தையே வளைக்கும். பறையை அடிப்பதற்கு முன் நெருப்பில் காய்ச்சுவது எதற்கென்று தெரிந்தவர்களுக்கு இது புதிதில்லை. ஆணி அடிக்காமல் கயிற்றால் முறுக்கிக் கட்டினால் தினமும் சரிசெய்யலாம்.

வாசனையும் பொருள்தான். குரோமியம் வருவதற்கு முன் தோலைப் பதனிட்ட ஆவாரம்பட்டையும் கடுக்காயும் வாயகன்ற சட்டியில் ஈரமாக வைத்தால், அந்தத் தெருக்களில் வளர்ந்த முதியவர்கள் உடனே அடையாளம் காண்பார்கள். சுண்ணாம்புக் குழித் தண்ணீரையோ சோடியம் சல்பைடையோ கூடத்துக்குள் கொண்டுவராதீர்கள். அதில் அமிலம் பட்டால் உயிரைக் கொல்லும் வாயு கிளம்பும். 2015 ஜனவரி 31 அதிகாலையில் ராணிப்பேட்டை சிப்காட் தொழிற்பேட்டையில் தோல் கழிவுச் சேற்றுத் தொட்டி உடைந்து, அருகில் தூங்கிக்கொண்டிருந்த 10 பேர் இறந்தார்கள். பெரும்பாலோர் மேற்கு வங்கத்திலிருந்து வேலைக்கு வந்தவர்கள். தோலை இந்த மாவட்டத்தின் அடையாளமாக வைக்கும் எவரும் அந்தப் பத்துப் பேரையும் இந்த ஊரைச் சேர்ந்தவர்களாக எண்ண வேண்டும். குரல்களில் ஒரு வங்காளிக் குரல் இல்லாத தோல் படைப்பு அரைகுறை.

வெளிச்சம், மின்சாரம், வெயில்

புரொஜெக்டர் கணக்கு எளிது: கருவி தரும் மொத்த ஒளியான லூமென் எண்ணைப் படத்தின் பரப்பால் வகுத்தால் லக்ஸ், அதாவது ஒரு சதுர மீட்டரில் விழும் ஒளி. 3000 லூமென் கருவியில் 16-க்கு 9 வடிவில் 2 மீட்டர் அகலப் படம் 2.25 சதுர மீட்டர், சுமார் 1330 லக்ஸ் கிடைக்கும். அதையே 4 மீட்டராக்கினால் 330-க்கு இறங்கிவிடும். காடா துணியும் லுங்கியும் அதிலும் ஒரு பங்கைத் தின்றுவிடும். ஆகவே சிறிய படம், இருட்டான கூடம். பழைய உருவப் படங்கள் நெட்டையானவை, புரொஜெக்டர் அகலமானது. நிமிர்த்திப் போட்டால் 3-க்கு 4 படம் மொத்தப் பரப்பில் 42 சதவீதம்தான் பயன்படுத்தும். கருவியையே பக்கவாட்டில் சாய்க்கலாம் என்று தோன்றும். விளக்குப் பொருத்திய பழைய வகைகள் அப்படி வைத்தால் சூடேறிக் கெடும். லேசர் வகைகளில் பல அதைத் தாங்கும், கையேட்டில் பார்த்துக்கொள்ளுங்கள்.

பெரும்பாலான புரொஜெக்டர்கள் அறை வெப்பம் 35 முதல் 40 பாகைக்கு மேல் போனால் தாமாகவே அணைந்துவிடும். கத்திரி வெயிலில் வேலூரின் தகரக் கூரைக் கூடம் அதைச் சாதாரணமாகத் தாண்டும். தை, மாசியில் வையுங்கள், மாலை 5 முதல் 9 வரை மட்டும் திறங்கள். படம் ஓட்டும் குட்டிக் கணினிகளுக்கு ஒரு யுபிஎஸ் அவசியம். மின்சாரம் போய் வரும்போது ராஸ்பெர்ரி பை போன்றவற்றின் மெமரி கார்டு கெட்டுப்போவதுதான் இவ்வகைக் கண்காட்சிகளில் அடிக்கடி வரும் நோய். எல்லாம் தயாரானதும் கார்டை எழுத முடியாத நிலைக்கு மாற்றும் ஓவர்லே வசதியைப் போட்டுவிடுங்கள், கூடவே அதே கார்டின் நகல் இரண்டு கையில் இருக்கட்டும்.

தமிழ் வரிகளைக் காணொளியில் போடும்போது சில மென்பொருள்களில் ‘கொ’வின் கொம்பு எழுத்துக்குப் பின்னால் போய் நிற்கும். தெற்காசிய எழுத்துகளுக்கான அமைப்பை மாற்றினால் சரியாகும், இல்லையென்றால் வரிகளைத் தனியே படமாக ஆக்கி ஒட்டுங்கள். தக்கினிக் குரலுக்குக் கீழே வரும் தமிழ், நூல் தமிழாக இருக்க வேண்டாம். “நக்கோ” என்பதற்கு “வாணாம்” என்று போடுங்கள், “வேண்டியதில்லை” என்று போடாதீர்கள்.

குரல்கள் நிற்கும் இடம்

கூடத்தில் கைதட்டிப் பாருங்கள். தட்டிய ஓசை வாலோடு திரும்பி வந்தால் பேச்சு புரியாது. கோணிச்சாக்கு, கயிற்றுப் பாய், பழைய கம்பளி எதையாவது எதிரெதிர்ச் சுவர்களில் ஒன்றிலாவது தொங்கவிட்டால் வால் குறையும். மண்பானைக்குள் ஸ்பீக்கரை வைக்கும் யோசனை எல்லோருக்கும் வருகிறது. பார்க்க அழகு, ஆனால் பானையின் வாய் ஒரு சுருதியை மட்டும் பெருக்கி மெய்யெழுத்துகளை மழுங்கடிக்கும். ‘கீது’வும் ‘போது’வும் ஒன்றாகிவிடும். 3 அங்குல ஸ்பீக்கரைத் திறந்தபடி, உட்கார்ந்தவர் தலைக்கு ஒன்றரை அடி மேலே தொங்கவிடுங்கள். ஒரு மீட்டரில் 60 டெசிபல் இருந்தால் மூன்று மீட்டர் தள்ளி 50-க்கு இறங்கும். எனவே குரல்களுக்கு நடுவே மூன்று மீட்டர் விட்டால், அருகிலுள்ளவர் பேசுவது தெளிவாகவும் மற்றவர்கள் அடுத்த வீட்டுப் பேச்சுபோல மெல்லவும் கேட்பார்கள். உட்காரத் திண்ணை உயரத்தில் பலகை போடுங்கள். நின்றுகொண்டு யாரும் ஏழு நிமிடம் கேட்க மாட்டார்கள்.

குரல்களின் சுற்று நீளம் ஒன்றுபோல இருக்கக்கூடாது. ஒன்று 7 நிமிடம், ஒன்று 11, ஒன்று 13 என்று வைத்தால் மூன்றும் தொடங்கிய இடத்தில் மறுபடி சேர 1001 நிமிடம் ஆகும். நாளுக்கு நாலு மணி நேரம் திறக்கும் கூடத்தில் ஒரே சேர்க்கையை ஒருநாளில் இரண்டு முறை கேட்க முடியாது. பெருமூச்சு, இருமல், “இரு, அடுப்ப அணைச்சுட்டு வரேன்” எல்லாம் அப்படியே இருக்கட்டும். ஒவ்வொரு குரலும் தனிக் கருவியில் தனிக் கோப்பாக ஓடுவதில் இன்னொரு நன்மை உண்டு. கண்காட்சி நடக்கும்போதே ஒருவர் “என் பேச்சை எடுத்துடுங்க” என்றால், அதை மட்டும் நிறுத்தலாம், மற்றது குலையாது.

ஒப்புதலை அவர்கள் மொழியில், பதிவின் தொடக்கத்திலேயே வாய்மொழியாகவும் பிறகு தாளிலும் வாங்குங்கள். கூடத்தில் ஒலிக்கலாமா, பெயர் சொல்லலாமா, இணையத்தில் போடலாமா என்ற மூன்றையும் தனித்தனியாகக் கேட்க வேண்டும். முதலிரண்டுக்குச் சரி என்பவர்களில் பலர் மூன்றாவதற்குத் தயங்குவார்கள். ஸ்டுடியோ படங்களைப் பொறுத்தவரை, 1957 பதிப்புரிமைச் சட்டப்படி, வேறு ஒப்பந்தம் இல்லாதபோது காசு கொடுத்து எடுக்கச் சொன்னவரே முதல் உரிமையாளர். ஆனாலும் குழுப்படத்தில் உள்ள மற்ற வீட்டாரிடமும் கேட்பதுதான் மரியாதை.

வேலூரை அடுத்த மேல்மொணவூரில் இலங்கைத் தமிழர் மறுவாழ்வு முகாம் இருக்கிறது. 1815-ல் அரியணை இழந்த கண்டியின் கடைசி மன்னர் ஸ்ரீ விக்ரம ராஜசிங்கர் கைதியாக வேலூருக்குக் கொண்டுவரப்பட்டு 1832-ல் இங்கேயே இறந்தார், அவர் நினைவாகப் பாலாற்றங்கரையில் முத்து மண்டபம் நிற்கிறது. இரண்டையும் ஒரே திரையில் ஒட்டிவிடும் ஆசை வரும். மன்னருக்கு மண்டபம் இருக்கிறது, முகாமில் இருப்பவர்களுக்குக் குடியுரிமைக் கேள்வியே இன்னும் முடியவில்லை. முகாமுக்குள் போக அனுமதி வேண்டும். அது கிடைத்தாலும் தப்பி வந்த இரவைச் சொல்லச் சொல்லிக் கேட்காதீர்கள், அதை அவர்கள் அதிகாரிகளிடம் போதுமான தடவை சொல்லியாகிவிட்டது. வேலூர்க் கடையில் சாமான் வாங்கும்போது தங்கள் பேச்சை மாற்றிக்கொள்கிறார்களா, வீட்டுக்குள் வந்ததும் பழைய பேச்சு திரும்புகிறதா, இங்கே பிறந்த பிள்ளை ‘கீது’ என்கிறதா, ‘கிடக்கு’ என்கிறதா என்று கேளுங்கள். அந்தப் பதில்கள்தான் இந்தப் படைப்பின் நடுத்தூண்.

கண்காட்சி முடிந்ததும் படங்களை வாங்கிய அதே வரிசையில் திருப்பிக் கொடுங்கள். ஒவ்வொன்றையும் வாங்கும்போதே அமிலமில்லாத காகித உறையில் போட்டு, உறையின் மேல் பென்சிலால் எண்ணிட்டிருந்தால் இது அரைநாள் வேலை. கூடவே அவர்கள் குரலின் நகல்: மூலக் கோப்பு ஒரு பென் டிரைவில், எந்தப் போனிலும் ஓடும் எம்பி3 ஒன்று மெமரி கார்டில். உங்களிடம் மூன்று பிரதிகள், இரண்டு வேறுவேறு வகைச் சேமிப்பில், ஒன்று வேறு ஊரில். பென் டிரைவைக் கொடுத்துவிட்டுக் கிளம்பாதீர்கள். அந்த வீட்டில் யாராவது ஒருவரின் போனில் போட்டு, பேசியவர் தன் குரலை முழுசாகக் கேட்டு முடிக்கும்வரை உடன் உட்காருங்கள். எதையாவது எடுக்கச் சொன்னால் அங்கேயே குறித்துக்கொண்டு வந்து எல்லாப் பிரதிகளிலும் எடுத்துவிடுங்கள்.